மூத்த மச்சாளின் கோவம்

இதை எழுதவேண்டும் என்று நினைத்து எட்டு வருடமாகிறது. கொப்பி வாங்கினேன். முதல் கொப்பியில் பேத்தி பூனைப்படம் கீறிவிட்டாள். இரண்டாவது கொப்பியில் பிள்ளையார் சுழி மட்டும் போட்டேன்; அது சாமி அறையில் கிடந்து கறையானுக்குப் போனது. நேரமில்லை என்று சொன்னால் அது பொய். பயம்தான். செத்தவர்களுக்குக் கோவம் வராது என்று உலகத்தார் சொல்வார்கள். என் மூத்த மச்சாளை அறிந்த ஒருவரும் அப்படிச் சொல்லத் துணியமாட்டார்கள்.

கடைசியில் என் மனைவிதான் மூன்றாவது கொப்பியைக் கொண்டுவந்து முன்னால் போட்டாள்.

“எழுதுங்க. அக்காவப் பத்தி ஊருல ஆளுக்கொரு கதை சொல்லித் திரியிறாங்க. ஆனா ஒரு சொல்லு கூட்டிக் குறைச்சி எழுதினீங்க எண்டா, மறுகா நான் ஒங்களோட கோவம்.”

எட்டாம் வகுப்புவரை படித்தவன் நான். மா அரைக்கிற மில் வைத்துப் பிழைக்கிறவன். விடிய எழும்பிக் குளித்து, திருநீறு பூசி, பிள்ளையாரைக் கும்பிட்டுவிட்டு நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

மூத்த மச்சாள் என்பவர் என் மனைவியின் அக்கா. பெயரை எழுதவில்லை. பெயர் சொல்லாமலே ஊர் அறியும். அறியாதவர்களுக்குப் பெயரால் ஒன்றும் ஆகப்போவதில்லை. எங்கள் பக்கத்தில் பெண்பிள்ளைக்குத்தான் வீடு. கலியாணம் முடிந்தால் மாப்பிள்ளை தன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பெண் வீட்டுக்கு வரவேண்டும். அப்படி நான் வந்த வளவில் இரண்டு வீடுகள் இருந்தன. முன்வீடு அக்காவுக்கு, பின்வீடு தங்கைக்கு. நடுவில் இடுப்பளவு கிடுகு வேலி. கிணறு ஒன்று, அம்மி ஒன்று. மச்சாளின் புருசன் நான் வருவதற்கு முன்பே காய்ச்சலில் போய்விட்டார். பிள்ளைகள் இல்லை. இரண்டு மாடு, ஒரு ஆடு, சில கோழிகள், ஒரு பூனை. ஒரு பக்கம் கடல், மறுபக்கம் வாவி, நடுவில் மணல். அந்த மணலில்தான் எங்கள் ஊர்.

கோவம் என்ற சொல்லை நான் இங்கே கொஞ்சம் விளக்கவேண்டும். வெளியூர்க்காரர் பிழையாக விளங்கிக்கொள்வார்கள். ஒருவர் நின்று கத்தினால் நாங்கள் அதைக் கோவம் என்று சொல்வதில்லை. ‘ஏசுறார்’ என்போம். கத்தல் ஓய்ந்து, வாய் மூடி, இனி உன்னோடு எனக்கு ஒரு சொல்லும் இல்லை என்று ஆகிறதே, அதுதான் கோவம். “நீங்க அவங்களோட கதையா, கோவமா?” என்று கேட்டுத் தெரிந்துகொண்டுதான் பந்தியில் ஆட்களை இருத்துவார்கள். தெரியாமல் இருத்தினால் இருத்தியவரோடும் கோவம் வரும்.

ஊரில் எல்லோரும் அங்கொன்று இங்கொன்றாகக் கோவம் வைத்திருப்பார்கள். மச்சாள் அதை ஒழுங்காகச் செய்தவர். எந்த நேரமும் நாலைந்து பேரோடு கோவமாக இருப்பார். எவரோடு எப்போது, எதற்கு என்பதெல்லாம் மனப்பாடம்.

சைக்கிளில் மீன் கொண்டுவருகிறவரோடு அவருக்குப் பல காலக் கோவம். ஐஸில் கிடந்த மீனை அன்று பிடித்தது என்று பிள்ளையார்மேல் சத்தியம் பண்ணி விற்றுவிட்டாராம். அதற்காக மீன் வாங்காமல் விடமுடியுமா? சைக்கிள் வாசலில் மணியடிக்கும். மச்சாள் பூனையைத் தூக்கிக்கொண்டு போவார்.

“பூனை, அந்த ஓரா மீனை வெட்டித் தரச் சொல்லு. செவிளைத் தூக்கிக் காட்டச் சொல்லு முதல்ல.”

மீன்காரரும் லேசான ஆள் இல்லை. “பூனையக்கா, இது விடியப்புறம் வாவியில புடிச்சது எண்டு ஒங்கட எசமாட்டிக்கிட்டச் சொல்லுங்க.”

“சத்தியம் பண்ணவேணாம் எண்டு சொல்லு பூனை.”

“பண்ணல்ல எண்டு சொல்லுங்க பூனையக்கா.”

இப்படி வாரத்தில் மூன்று நாள். பூனைக்கு ஒரு தலை கிடைக்கும். அது இந்தக் கோவம் என்றைக்கும் தீரக்கூடாது என்று கும்பிட்டிருக்கும்.

எதிர்வீட்டுக்காரியோடு பெரிய கோவம். அவள் வீட்டு முருங்கைக் கொப்பை வெட்டியது யார் என்பதில் தொடங்கியது. ஒருநாள் அந்தப் பெண்ணின் குழந்தைக்குக் காய்ச்சல் ஏறி வலிப்பு வந்தது. கத்திய சத்தம் கேட்டு மச்சாள்தான் முதலில் ஓடினார். குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு, தாயும் பின்னால் வர, ஓட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்குப் போனார். இரண்டு இரவு அங்கேயே இருந்தார். தாயோடு ஒரு சொல் பேசவில்லை. எல்லாம் குழந்தையிடம்தான். “ஒங்கம்மாவக் கொஞ்சம் படுக்கச் சொல்லு, நான் இரிக்கன்.” “ஒங்கம்மாவத் தேத்தண்ணி குடிக்கச் சொல்லு.” மூன்றாம் நாள் பிள்ளையை வீட்டில் விட்டுவிட்டு, தன் வாசலுக்கு வந்து, வழக்கம்போல முகத்தைத் திருப்பி மறுபக்கம் கிறுகிக்கொண்டார்.

என் மனைவி கேட்டாள்: “ஏங்கா, இவ்வளவு செஞ்சிப்போட்டு ஒரு சொல்லுக் கதைச்சா என்ன?”

“கோவம் நாக்குக்குத்தான் புள்ள. கைக்கும் கண்ணுக்கும் இல்ல,” என்றார் மச்சாள்.

இதில் என் மனதுக்குப் பெரிய சங்கடம் தந்தது ஒன்று உண்டு. ஒருமுறை பிள்ளையாரோடும் கோவித்துக்கொண்டார். மாடு பசுக்கன்று போடவேண்டும் என்று தேங்காய் நேர்ந்திருந்தார். அது போட்டது நாம்பன், காளைக்கன்று. சொன்ன தேங்காயைக் கொண்டுபோய் உடைத்தார், கடன் வைக்கவில்லை. ஆனால் அன்றுமுதல் வெள்ளிக்கிழமைகளில் கோயிலுக்குப் போய், மூலஸ்தானத்துக்குப் பக்கவாட்டாக நின்று, தூணைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டு வருவார். தீபம் காட்டும்போதும் கிறுகமாட்டார். நான் அவருக்கும் சேர்த்துக் கன்னத்தில் போட்டுக்கொள்வேன். கடைசியில் ஐயரிடம் போய், இது குற்றமில்லையா என்று கேட்டேன். ஐயர் சிரித்தார்.

“கோவிக்கிறத்துக்கு அங்க உள்ளுக்கு ஒரு ஆள் இரிக்கி எண்டு அவ நம்புறா. இஞ்ச வாறவங்கள்ல பாதிப் பேருக்கு அது இல்ல. நீர் போம்.”

ஆறு மாதம் கழித்து அடுத்த மாடு பசுக்கன்று போட்டது. மச்சாள் நேராக நின்று கும்பிட்டார்.

இப்படிப்பட்டவரிடம் நான் அகப்பட்டுக்கொண்டது என் சொந்தப் பிழையால். அதைச் சொல்லாமல் விட்டால் இந்த எழுத்துக்கு அர்த்தமில்லை.

என் மகள் பெரியபிள்ளையானாள். நாட்டில் சண்டை நின்றிருந்த காலம் அது. பயமில்லாமல் ஊரைக் கூட்டிச் சடங்கு செய்யலாம் என்று இருந்தோம். சடங்குக்குச் சொல்வதென்றால் தகப்பன்காரன் வட்டாவில் வெற்றிலை பாக்கு வைத்து வீடு வீடாகப் போகவேண்டும். பெண் பக்கத்து மூத்த வீட்டுக்கு முதல் வெற்றிலை. இது எனக்குத் தெரியாததல்ல. ஆனால் நான் என்ன நினைத்தேன்? ஒரே வளவு, ஒரே கிணறு, ஒரே அம்மி. மச்சாள் எங்கள் வீட்டு ஆள். நம் வீட்டுக்கே நாம் வெற்றிலை கொண்டுபோய் அழைப்பதா? அது அவரைப் பிறத்தியாராக்குவது அல்லவா?

அப்படி நினைத்துக்கொண்டு வேட்டியை மடித்துக் கட்டி, வட்டாவைத் தூக்கிக்கொண்டு வெளியே இறங்கினேன். முன்வீட்டு வாசலில் மச்சாள் சடங்குக்கு மஞ்சள் இடித்துக்கொண்டிருந்தார். உலக்கை மேலே போனதைக் கண்டேன். கீழே வந்த சத்தம் கேட்கவில்லை. கேட்கவில்லையே என்று அப்போது யோசித்திருக்கவேண்டும். நான் பாட்டுக்கு ஊரெல்லாம் சுற்றி, தன்னாமுனையில் இருக்கும் உறவுக்காரர் வீடுவரை போய், பின்நேரம் திரும்பினேன். வட்டாவில் இரண்டு வாடல் வெற்றிலை கிடந்தன. மச்சாள் எழுந்து வந்தார். அந்த இரண்டையும் எடுத்தார். என் கண்ணுக்கு முன்னால் ஆட்டுக்குக் கொடுத்தார். பிறகு போய் மஞ்சளை இடித்தார்.

மூன்று நாள் சடங்கிலும் வேலை முழுக்க அவருடையதுதான். பலகாரம் சுட்டது, பந்தியில் பரிமாறியது, மகளுக்கு முதல் தண்ணீர் வார்த்தது, எல்லாம் அவர். என்னோடு மட்டும் சொல் இல்லை. அடுத்த கிழமை நூறு கொழுந்து வெற்றிலை வாங்கி வட்டா நிறைய அடுக்கிக்கொண்டு போய் நின்றேன்.

“ஆடே,” என்றார் மச்சாள், “சடங்கு முடிஞ்ச பிறகு வாற வெத்திலையெல்லாம் ஒனக்குத்தான். நல்லாத் தின்னு.”

அதற்குப் பிறகும் இரண்டுமுறை போனேன். ஆடு கொழுத்தது.

பிறகு அந்த மார்கழி ஞாயிற்றுக்கிழமை. மனைவியும் மகளும் துணி எடுக்கப் பட்டணத்துக்கு, புளியந்தீவுக்குப் பஸ் ஏறியிருந்தார்கள். வளவில் நானும் மச்சாளும்தான். கடல் பக்கமிருந்து ஒரு இரைச்சல். நூறு மில் ஒன்றாக ஓடியது போல. கிறுகிப் பார்க்கிறேன், எதிர்வீட்டு முருங்கைக்கு மேலே தண்ணீர் நிற்கிறது. வேலியைத் தாண்டி மச்சாளின் கையைப் பிடித்தேன். இரண்டு பேரையும் தூக்கி அள்ளிக்கொண்டு போனது. ஒரு தென்னையில் சிக்கிய கிணற்றுக் கயிற்றைப் பிடித்தபடி நான் தொங்குகிறேன். பக்கத்துத் தென்னையை மச்சாள் கட்டிப்பிடித்திருக்கிறார். அப்போது அவர் கத்துகிறார்:

“தென்னமரமே! அந்தாளைக் கயித்த விட்டுப்போட்டு இஞ்சால பாயச் சொல்லு! கூரை வருது! கூரை!”

கயிற்றை விட்டுப் பாய்ந்தேன். யாருடையதோ ஒரு ஓட்டுக்கூரை முழுதாக வந்து நான் தொங்கிய இடத்தில் மோதிக்கொண்டு போனது. தண்ணீர் வற்றியபின் என் மில்லின் பிளாட் கூரையில் ஏறி இருந்தோம். என் கெண்டைக்காலில் தகரம் வெட்டி இரத்தம் ஓடிக்கொண்டிருந்தது. அழுகை வந்தது.

“மச்சாள், இப்பயாவது என்னோட கதைங்க,” என்றேன்.

மச்சாள் சேலைத் தலைப்பைக் கிழித்து என் காலைச் சுற்றி இறுக்கிக்கொண்டே வானத்தைப் பார்த்தார். “ஆண்டவனே, இவர வாயப் பொத்திக்கிட்டு இரிக்கச் சொல்லு. கத்தக் கத்த இரத்தம் கூடப் போகுது.”

எங்கள் ஒழுங்கையில் எத்தனைபேர் போனார்கள் என்பதை இங்கே எழுத என் கைக்கு வலு இல்லை. எதிர்வீட்டுக்காரியும் போனாள். பிள்ளை தப்பியது, அதை அதன் தகப்பனின் ஆட்கள் வந்து கூட்டிப்போனார்கள்.

பட்டணத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் எங்களை வைத்திருந்தார்கள். ஒரு வகுப்பறைக்கு ஏழு குடும்பம். அங்கே ஊரின் கோவங்கள் எல்லாம் ஒரே நாளில் தீர்ந்தன. இருபது வருடம் பேசாத அண்ணன் தம்பி கட்டிப்பிடித்து அழுதார்கள். மீன்காரர் வந்து, “அக்கா, நான் சத்தியம் பண்ணினது பிழைதான்” என்றார்; மச்சாள் அவரை இருத்தி, தன் பங்குப் பாணைக் கொடுத்தார். என் மனைவிக்கு நம்பிக்கை வந்துவிட்டது. “அக்கா, அப்ப இவரோட?” என்று கேட்டாள்.

“மீன்காரன் பிழை எண்டு சொன்னான். இவர் வெத்திலை கொண்டு வந்தாரே தவிர, பிழை எண்டு சொன்னவரா?”

உண்மைதான். நான் சொல்லவில்லை. அன்பினால் செய்ததைப் பிழை என்று எப்படிச் சொல்வது என்று எனக்கும் ஒரு வீம்பு இருந்தது. மச்சாள் சோக்குக்கட்டி எடுத்து வகுப்பறைத் தரையில் எங்கள் இடத்துக்கும் தன் இடத்துக்கும் நடுவே கோடு போட்டார். இடுப்பளவு வேலி இல்லாத குறைக்கு.

ஊருக்குத் திரும்பியதும் ஒருநாள் பின்நேரம் அவரைக் காணவில்லை. தேடிப்போனேன். எதிர்வீடு நின்ற வெறும் மணலில் உட்கார்ந்து, முருங்கைக் கட்டையைப் பார்த்துப் பேசிக்கொண்டிருந்தார். இந்தமுறை மரத்திடம் சொல்லி யாருக்கோ சொல்லச் சொல்லும் பேச்சு அல்ல. நேர்ப் பேச்சு. “ஒனக்கு அவசரம் எண்டா என்னெட்ட ஒரு சொல்லுச் சொல்லிப்போட்டுப் போயிரிக்கலாமே கா. கொப்பு வெட்டினது நான்தான். நான்தான் கா.” நான் சத்தமில்லாமல் திரும்பி வந்துவிட்டேன்.

இனி எழுதப்போவதுதான் இத்தனை வருடம் என் பேனையைப் பிடித்து வைத்த பகுதி.

சண்டை திரும்ப வந்து, அது முடியப்போகிற வருடம். ஒருநாள் மில்லுக்கு வாகனத்தில் ஆட்கள் வந்தார்கள். யார் என்று நான் கேட்கவில்லை, அவர்களும் சொல்லவில்லை. மூன்று மூட்டை அரிசி அரைத்தாயே, அந்த மா யாருக்கு என்று கேட்டார்கள். கோயில் பலகாரத்துக்கு என்றேன். நம்பவில்லை. ஏற்றிக்கொண்டு போனார்கள். ஒன்பது நாள். அங்கே நடந்ததை எழுதவில்லை. பிள்ளையார் கூட இருந்தார், அவ்வளவுதான்.

ஒன்பது நாளும் என் மனைவி என்னை வைத்திருந்த இடத்தின் வாசலில் போய் நின்றிருக்கிறாள். பக்கத்தில் மச்சாள். விடிய வந்து, வெயிலில் நின்று, பொழுதுபடத் திரும்பிப் போவார்களாம். என்னை விட்டபோது மச்சாள் வேப்பமரத்தடியில் சோற்றுப் பார்சலோடு நின்றார். என் முகத்தைப் பார்த்தார், கண் நிறைந்தது. மரத்தின் பக்கம் கிறுகினார்.

“வேப்பமரமே, இவர் சாப்பிட்டாரா எண்டு கேளு.”

“இல்லை எண்டு சொல்லு,” என்றேன் மரத்திடம்.

ஊருக்கு வந்தேன். அங்கேதான் எனக்குத் தண்டனை காத்திருந்தது. ஒருவரும் என்னோடு சண்டை போடவில்லை, ஏசவில்லை. ஆனால் தேத்தண்ணிக் கடையில் நான் ஏறினால் இருந்தவர்கள் குடித்த குறையை வைத்துவிட்டு இறங்கினார்கள். எதிரே சைக்கிளில் வருகிறவர் என்னைக் கண்டதும் எதையோ மறந்துவிட்டவர்போல நெற்றியில் அடித்துக்கொண்டு திரும்பிப் போனார். ஒரே நாளில் நாலு பேருக்கு அப்படி மறதி. சலூனில் பாதி வெட்டிய தலையோடு ஒருவர் எழும்பிப் போனதை என் கண்ணால் கண்டேன். அவர்கள்மேல் குற்றம் சொல்லமாட்டேன். நான் பிடித்துக்கொண்டுபோய்த் திரும்ப விட்ட ஆள். என்ன சொல்லிவிட்டு வந்தானோ, அடுத்து யாரைத் தேடி வருவார்களோ என்ற பயம். எல்லோருக்கும் வீட்டில் பிள்ளைகள்.

மில்லுக்கு ஒருவரும் வரவில்லை. நான் காலையில் திறப்பேன், மெசினுக்குத் திருநீறு பூசுவேன், வாசலில் குந்தியிருப்பேன், பூட்டுவேன். இரண்டு மாதம். வெறும் மெசினைப் பார்த்துக்கொண்டிருக்கப் பைத்தியம் பிடிப்பதுபோல இருந்தது. ஊரை விட்டுப் போவோம் என்று மனைவியிடம் சொல்லிவிட்டேன். செங்கலடியில் எனக்குத் தெரிந்த ஒருவரிடம் மெசினை விற்கவும் பேசினேன்.

கிணற்றடியில் மனைவி அழுதாள். “ஊரே எங்களோட கோவம். இனி இஞ்ச இருந்து என்ன செய்யிற?”

வேலிக்கு அந்தப் பக்கம் மச்சாள் கோழிக்கு அரிசி போட்டுக்கொண்டிருந்தார். கை அப்படியே நின்றது.

“கோழி,” என்றார், “இது கோவம் இல்ல எண்டு அவளுக்குச் சொல்லு. கோவத்துக்கு ஒரு மரியாதை இரிக்கி. நம்ம ஆக்களோடதான் கோவிப்பம். இவங்க விலத்துறாங்க. ரோட்டுல நாய் படுத்திருந்தா அங்கால விலத்திப் போறல்லயா, அது. அதுக்கும் கோவத்துக்கும் ஒரே பேர் வைக்க வேணாம்.”

அடுத்த கிழமை பிள்ளையாருக்கு வருடத் திருவிழா, மத்தியானம் அன்னதானம். போகவேண்டாம் என்றாள் மனைவி. பிள்ளையார் அழைப்பதற்கு ஊர் என்ன தடை என்று நான் போனேன். மண்டபத்தில் ஒருபக்கம் ஆண்கள் வரிசை, எதிரே பெண்கள் வரிசை. நான் போய் இருந்தேன். எனக்கு வலப்பக்கம் ஒரு ஆள் படுக்கலாம். இடப்பக்கம் இரண்டு ஆள் படுக்கலாம். சோறு போட வந்தவர் எட்ட நின்று எறிந்தார். பருப்பு பாதி இலையில், பாதி என் முழங்காலில். நான் இலையைப் பார்த்துக்கொண்டே தின்றேன்.

அப்போது எதிர் வரிசையில் ஒரு அசைவு. தலையைத் தூக்கினேன். மச்சாள் தன் இலையை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு, நடு மண்டபத்தால், ஆண்கள் பக்கம் வருகிறார். எல்லோரும் கையை வாயில் வைத்தபடி பார்க்கிறார்கள். வந்தார். எனக்கு வலப்பக்கத்தில் இலையை வைத்து, சம்மணமிட்டு இருந்தார். முகத்தை நேராக என் பக்கம் கிறுக்கினார்.

“என்ன மச்சான், மில்லுல பெல்ட் அறுந்துபோச்சா? ரெண்டு மாசமாச் சத்தத்தக் காணல்ல.”

பிள்ளையார் அறிய, என் கையில் இருந்த கவளம் விழுந்துவிட்டது.

“ஒங்களைத்தான் கேக்கன். வாய் இல்லையா?”

“பெல்ட் நல்லாத்தான் இரிக்கி மச்சாள். ஆக்கள்தான்...”

“ஆக்களுக்கு என்ன? ஊருல ஒருத்தரும் புட்டுத் தின்னுறல்லயா?” அப்படியே வரிசையின் தலைமாட்டுக்குத் திரும்பினார். அங்கே கோயில் தலைவர் இருந்தார். “என்ன தலைவர், ஒங்கட வீட்டுல ரெண்டு மாசமா விடிய வெறும் பாண்தானாமே? அண்டைக்கு இவர் அரைச்ச மூணு மூட்டை மா ஆருக்கு? இந்தப் பிள்ளையாருக்குத்தானே? மோதகம் நீங்களும் திண்டீங்களா இல்லையா?”

தலைவர் குனிந்தார். “திண்ட நான் அக்கா.”

“எத்தினை?”

“அது... ஒரு ஏழெட்டு.”

யாரோ சிரித்துவிட்டார்கள். மச்சாள் சிரிக்கவில்லை. திரும்பவும் என் பக்கம் வந்தார்.

“அது கிடக்கட்டும். நான் மஞ்சள் இடிச்சிக்கிட்டு இரிக்கக்கொள்ள, என்ட வாசலால, என்ட கண்ணுக்கு முன்னால, வட்டாவத் தூக்கிக்கிட்டுப் போனீங்களா இல்லையா?”

“போன நான்.”

“தன்னாமுனைக்குப் போகத் தெரிஞ்ச காலுக்கு, முன்வீட்டுக்கு வரத் தெரியல்ல?”

“மச்சாள், நான் உங்கள நம்மட வீட்டு ஆள் எண்டு நினைச்சித்தான்...”

“வீட்டு ஆளுக்கு வாடல் வெத்திலையா? ரெண்டே ரெண்டு! ஆடு கூட முதல்ல மணந்து பாத்துப்போட்டுத்தான் திண்டது!”

அதற்குப் பிறகு அவர் நிறுத்தவில்லை. அத்தனை வருடம் ஆட்டிடமும் கோழியிடமும் சொல்லி அனுப்பியதெல்லாம் இப்போது நேராக வந்தது. சாம்பார் வந்து போனது, ரசம் வந்து போனது, ஏச்சு ஓயவில்லை. நான் தலையைக் குனிந்து, ஓம் மச்சாள், பிழைதான் மச்சாள் என்று சொல்லிக்கொண்டிருந்தேன். சொன்னபோதுதான் தெரிந்தது, பிழை என்று சொல்வது ஒன்றும் பெரிய வேலை இல்லை. பாயாசம் வரும்போது நிமிர்ந்து பார்த்தேன். வலப்பக்கத்து ஆள் மச்சாளின் தோளுக்குப் பின்னால் இருந்தார். இடப்பக்கத்து ஆளின் முழங்கால் என் முழங்காலில் முட்டியது. ஏச்சு கேட்கிற ஆசையில் வரிசை முழுக்க நகர்ந்து நகர்ந்து எங்களை நெருக்கிவிட்டது. “விடுங்க அக்கா, பாவம் மனிசன்,” என்றார் ஒருவர். “அண்ணன், நீங்க செஞ்சது பெரும் பிழை,” என்று என் முகத்தைப் பார்த்துச் சொன்னார் இன்னொருவர். சைக்கிளைத் திருப்பிக்கொண்டு போனவர்தான் அவர். இரண்டு மாதத்துக்குப் பிறகு என்னோடு பேசியிருக்கிறார்.

மறுநாள் விடிய மில்லைத் திறக்க மச்சாள் மிளகாய்ப் பெட்டியோடு முதல் ஆளாக நின்றார். அதற்குமுன் ஐந்தாறு வருடமாக என் மில்லில் கால் வைக்காமல் பஸ் ஏறிப் பட்டணத்தில் அரைத்து வந்தவர். மத்தியானத்துக்குள் பதினொரு பெண்கள். செங்கலடிக்காரருக்கு, மெசின் விற்பதற்கில்லை என்று சொல்லி அனுப்பினேன்.

என் மனைவி அக்காவைக் கட்டிப்பிடித்தாள். “நீ இவரோட கோவத்த முறிச்சிட்டியே அக்கா!”

“என்ன செய்யிற? ஊரே வாயப் பொத்திக்கிட்டு இரிக்கக்கொள்ள நானும் கதைக்காட்டி, பயந்தவங்களோட பயந்தவளா என்னையும் சேத்துப்போடுவாங்க. என்ட கோவம் எங்க தெரியப்போகுது அதுக்குள்ள?”

நாற்பத்தொரு நாள் மச்சாள் என்னோடு பேசினார். மச்சான், தேத்தண்ணி குடிச்சீங்களா. மச்சான், இந்தத் தேங்காயை உரிச்சித் தாங்க. எனக்குக் கூச்சமாக இருக்கும். மெல்ல மெல்ல ஊர் முழுக்கப் பழையபடி ஆகியது. தலைவர் மில்லுக்கு வந்து அரசியல் பேசினார். தேத்தண்ணிக் கடையில் எனக்கு இடம் விட்டு நகர்ந்தார்கள். நாற்பத்திரண்டாம் நாள் மச்சாள் மிளகாய்ப் பெட்டியோடு வந்தார். மில்லில் பத்துப் பேர் நிற்கிறார்கள், கலகலவென்று கதை. எல்லோரும் என்னோடு பேசுகிறார்கள் என்பதை நின்று நன்றாகப் பார்த்தார். பிறகு மெசினின் பக்கம் கிறுகினார்.

“மெசினே, போன முறை சரியா அரைபடல்ல. ரெண்டு தரம் விடச் சொல்லு.”

பக்கத்தில் மா அளந்துகொண்டிருந்த என் மனைவி வாயைப் பொத்திக்கொண்டு ஓடினாள். அழுதாளா சிரித்தாளா தெரியாது. நான் இரண்டு தரம் விட்டேன்.

அதற்குப் பிறகு அவர் போகும்வரை அப்படித்தான். கடைசியாகப் படுக்கையில் கிடந்தபோதும் நான் கொண்டுபோன கஞ்சியைக் குடித்துவிட்டு, உப்புக் கூடிப்போச்சு என்று சுவரிடம்தான் சொன்னார்.

இப்போது ஊரில் சொல்கிறார்கள், அன்னதானத்தில் மச்சாள் என்னை மன்னித்துவிட்டார் என்று. சொல்லும்போது கண்ணைத் துடைக்கிறவர்களும் உண்டு. இதைப் படிக்கிற நீங்கள் நாளைக்கு யாருக்காவது சொன்னால், உங்களைக் கும்பிட்டுக் கேட்கிறேன், அப்படிச் சொல்லவேண்டாம். ஒரு சொல் கூட்டவும் வேண்டாம், குறைக்கவும் வேண்டாம். அவர் என்னை மன்னிக்கவில்லை. ஊர் என்னை விலத்திய காலத்தில் நாற்பத்தொரு நாள் பேசினார். ஊர் பேசத் தொடங்கியதும் திரும்பக் கோவித்துக்கொண்டார். சாகும்வரை என்னோடு கோவமாகத்தான் இருந்தார். அதை என்னிடமிருந்து யாரும் எடுத்துவிடவேண்டாம்.